கருணை அல்ல, நீதி!

ஐந்து பேர் கல்லறையில். மூன்று பேர் சிறையில். எழுதுகோலோ ஓர் ஆளுநரின் கையில்!

1893ஆம் ஆண்டு ஜூன் 26ஆம் நாள். அமெரிக்காவின் இல்லினாய் மாநிலம். அங்கே ஆளுநர் என்பவர் மேலிருந்து அனுப்பப்படுபவர் அல்லர். மக்களின் வாக்குப் பெற்று வருபவர். அந்த இருக்கையிலே அன்று அமர்ந்திருந்தவர் ஜான் பீட்டர் ஆல்ட்கெல்ட்.

யார் இவர்? 1847இல் ஜெர்மனியில் பிறந்து, கைக்குழந்தையாகக் கடல் கடந்தவர். ஒஹாயோவிலே ஏழை உழவர் வீட்டுப் பிள்ளை. பதினாறு வயதில் உள்நாட்டுப் போரிலே வடபுலப் படையில் துப்பாக்கி தூக்கினார். பிறகு கால்நடையாக மேற்கே சென்றார். கூலி வேலை பார்த்தார். பள்ளியிலே பாடம் சொன்னார். சட்டம் பயின்று வழக்கறிஞரானார். 1875இல் சிகாகோ வந்தார்; கட்டடங்கள் எழுப்பிச் செல்வரானார். செல்வம் வந்தது; பிறந்த குடிசை மறக்கவில்லை! தண்டனை எனும் இயந்திரத்தில் அரைபடுவோர் ஏழைகளே என்று 1884இல் நூல் எழுதினார். நீதிபதியானார். 1892 தேர்தலில் ஆளுநரானார்.

அவர் முன்னே இருந்தது ஹேமார்க்கெட் வழக்கு.

எட்டு மணி நேர வேலை கேட்டுத் தொழிலாளர் கிளர்ந்தெழுந்த காலம். காவலர் சுட்டுத் தொழிலாளர் மாண்டதைக் கண்டித்து, 1886 மே 4 இரவு, சிகாகோவின் ஹேமார்க்கெட் சதுக்கத்தில் கூட்டம். கலைக்க வந்த காவலர்மீது எங்கிருந்தோ விழுந்தது ஒரு குண்டு. காவலர் எழுவர் மடிந்தனர், மக்களும் மாண்டனர். எறிந்தவன் யார்? நீதிமன்றத்திலே மெய்ப்பிக்கப்படவே இல்லை! ஆயினும் எண்மர் குற்றவாளிகள் என்றது தீர்ப்பு. 1887 நவம்பர் 11 அன்று நால்வர் தூக்கிலே தொங்கினர். ஒருவர் அதற்கு முன்னாள் சிறையிலேயே உயிர் நீத்தார். எஞ்சியோர் ஃபீல்டன், ஷ்வாப், நீபி.

அம்மூவரை விடுவிக்குமாறு சீமான்கள் சிலரும் வேண்டினர். "குற்றவாளிகள்தாம், போதும் தண்டனை, கருணை காட்டுகிறேன்" என்று ஆளுநர் எழுதியிருக்கலாம். ஊர் புகழ்ந்திருக்கும், பதவியும் நிலைத்திருக்கும்.

அவரோ வழக்கேடுகளைப் புரட்டினார். பொறுக்கியெடுத்த ஜூரிகள்! முன்கூட்டியே வெறுப்புக் கொண்டோம் என்று ஒப்புக்கொண்டவர்கள்கூட அதிலே அமர்ந்தனர். குண்டெறிந்தவனோடு இவர்களைப் பிணைக்கும் சான்றில்லை. நீதிபதியோ நடுநிலை தவறினார். இத்தனையும் எழுதி, மூவரையும் முழுமையாக விடுவித்தார். அது கருணை மனுவுக்கு வந்த பதில் அல்ல; நீதிமன்றத்துக்கே தரப்பட்ட குற்றப்பத்திரிகை!

பாய்ந்தன ஏடுகள். அராஜகவாதி என்றன, அந்நியன் என்றன, பிறந்த மண்ணைச் சொல்லிப் பழித்தன. அவர் அசைந்தாரா? அதே 1893இல், தொழிற்சாலைப் பெண்களுக்கு எட்டு மணி நேர வேலை எனும் சட்டத்துக்குக் கையொப்பமிட்டார். தலைமை ஆய்வாளராக ஃபிளாரன்ஸ் கெல்லி எனும் பெண்மணியை அமர்த்தினார்.

1894இல் புல்மன் நிறுவனம் கூலியைக் குறைத்தது. தன் குடியிருப்புகளின் வாடகையைக் குறைக்கவில்லை. வேலைநிறுத்தம் வெடித்தது. மாநிலம் கேட்காமலே கூட்டரசின் படையைச் சிகாகோவுக்கு அனுப்பினார் குடியரசுத் தலைவர் கிளீவ்லண்ட். ஆல்ட்கெல்டின் சொந்தக் கட்சிக்காரர்! "நாங்கள் அழைக்கவில்லையே, எதற்குப் படை?" எனும் பொருள்பட, கண்டனத் தந்திகள் பறந்தன. படை திரும்பவில்லை, ஆனால் 1896இல் சிகாகோவிலே கூடிய அக்கட்சியின் மாநாடு, உள்மாநில அலுவல்களில் கூட்டரசு தலையிடுவதைக் கண்டித்துத் தீர்மானம் நிறைவேற்றியது.

அதே ஆண்டுத் தேர்தலில் அவர் தோற்றார். செல்வமும் கரைந்தது. முன்பு அவரால் ஊக்கம் பெற்ற கிளாரன்ஸ் டாரோ எனும் வழக்கறிஞர் தம் அலுவலகத்தில் அவருக்கு இடமளித்தார். 1902 மார்ச்சில், பிரிட்டிஷ் பேரரசை எதிர்த்த போயர்களுக்காக ஜோலியட் நகரிலே மேடையேறிப் பேசிய பின் சாய்ந்தார், மறுநாள் மறைந்தார்.

1915இல் சிகாகோவின் லிங்கன் பூங்காவிலே அவருக்குச் சிலை எழுந்தது.

தோழர்களே! ஆல்ட்கெல்டுக்கும் நாற்காலி இனித்திருக்கும். ஒரு சொல்லை மாற்றி எழுதியிருந்தால், அது இன்னும் சில ஆண்டுகள் இனித்திருக்கக்கூடும். மாற்ற மறுத்தார். எதற்காகப் பதவியை இழக்கத் துணிகிறோமோ, அதற்காகத்தான் பதவி!