பாட்டை அறிவோம், பாவலரை அறிவோமா?



எங்கள் ஆரணியில் ஒரு பட்டுச் சேலை பலர் கைபட்டு உருவாகிறது. சாயம் தோய்ப்பவர் ஒருவர்; பாவு போடுபவர் ஒருவர்; தறியில் அமர்ந்து நாள் கணக்கில் நெய்பவர் இன்னொருவர். திருமண வீட்டுக்குச் செல்லும்போது சேலையோடு கடையின் பெயர் செல்கிறது. நெய்தவரின் பெயர் செல்வதில்லை.

திரைப்படப் பாட்டின் நிலையும் ஏறத்தாழ இதுவே. பாடியவரின் குரல் நிற்கிறது. நடித்தவரின் முகம் நிற்கிறது. சொல்லை நெய்தவர் மறைந்துவிடுகிறார். எகிப்துப் பாடகி உம்மு குல்ஸூமை உலகறியும். அவருக்கு நூற்றுக்கும் மேற்பட்ட பாடல்களை எழுதிய அஹ்மத் ராமியை, அரபு நாடுகளுக்கு அப்பால் எத்தனை பேர் அறிவர்?

நம்மிடையேயும் அத்தகைய ஒருவர் வாழ்ந்தார். அவர் மர்ஹூம் கவி கா. மு. ஷெரீப் (1914–1994). தஞ்சைத் தரணியில் பிறந்த அவர், சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் படங்களுக்குப் பாடல் எழுதினார். 1950-இல் வெளிவந்த ‘மந்திரிகுமாரி’யில் அவரும் மருதகாசியும் பாடல்கள் எழுதினர், வசனம் மு. கருணாநிதி. அந்த இளைஞரை நிறுவன அதிபர் டி. ஆர். சுந்தரத்திடம் அறிமுகம் செய்துவைத்தவரே ஷெரீப்தான். பிற்காலத்தில் முதலமைச்சராகிவிட்ட அந்த எழுத்தாளரை நாடே அறியும். வழி திறந்துவிட்ட கவிஞரையோ சிலரே அறிவர்.

‘முதலாளி’ (1957) படத்தில், ஏரிக்கரையில் நடந்து போகும் பெண்ணை நோக்கி டி. எம். சௌந்தரராஜன் பாடும் பாடலைக் கேட்டிருப்பீர்கள். கே. வி. மகாதேவன் இசைக்கு அதை எழுதியவர் ஷெரீப். எப்படி வாழ்ந்தாலும் குறை சொல்லும் உலகத்தைப் பற்றி ‘நான் பெற்ற செல்வம்’ (1956) படத்தில் வரும் பாடலும், பணத்துக்குள்ள மதிப்பு குணத்துக்கு இல்லையே என வருந்தும் ‘பணம் பந்தியிலே’ (1961) படப்பாடலும் அவருடையவையே. இவ்வரிகளைப் பழமொழி போலச் சொல்கிறோம், எழுதியவரை நினைப்பதில்லை.

திரையோடு அவர் நின்றுவிடவில்லை. ‘ஒளி’, ‘தமிழ் முழக்கம்’, ‘சாட்டை’ ஆகிய இதழ்களை நடத்தினார். ம. பொ. சி.யின் தமிழரசுக் கழகத்தில் உழைத்தார். மகாபாரதப் பாத்திரத்தை வைத்து ‘மச்சகந்தி’ காவியம் பாடிய அதே கை, உமறுப் புலவரின் சீறாப்புராணத்திற்கும் உரை எழுதியது. தமிழையும் மார்க்கத்தையும் ஒரே நெஞ்சில் சுமந்த கவிஞர் அவர்.

உழைத்தவரின் கூலியை வியர்வை உலருமுன் கொடுக்கச் சொன்னது நம் மார்க்கம். கவிஞருக்கு நாம் செலுத்த வேண்டிய கூலி, அவர் பெயரைச் சொல்வதுதான். அடுத்தமுறை வானொலியில் அப்பாடல்கள் ஒலிக்கும்போது, “இதை எழுதியவர் கா. மு. ஷெரீப்” என்று பிள்ளைகளிடம் கூறுங்கள். வீட்டிலே பட்டுச் சேலை இருந்தால், அதை நெய்த கைகளைப் பற்றியும் ஒரு வார்த்தை கூறுங்கள்.