மனநோய் வைத்தியம் பணக்காரனுக்கு மட்டுந்தானா?

காய்ச்சல் என்று சொன்னால் ஆலையில் முணுமுணுத்துக்கொண்டாவது லீவு கொடுப்பார்கள். கை நசுங்கினால் இ.எஸ்.ஐ. ஆஸ்பத்திரிக்கு அனுப்புவார்கள். "பத்து நாளாகத் தூக்கம் இல்லை, மனசு ஒரு நிலையில் இல்லை, யாரோடும் பேசப் பிடிக்கவில்லை" என்று ஒரு தொழிலாளி சொன்னால்? மேஸ்திரி சிரிப்பார். வீட்டில் வேப்பிலை அடிக்க ஆள் தேடுவார்கள். நம் சங்கத்திலேயே சிலர், "அதெல்லாம் சோம்பிக் கிடக்கும் சீமாட்டிகளுக்கு வருகிற வியாதி, தோழர்! கூலி உயர்ந்தால் தானாகப் போய்விடும்" என்பார்கள்.

மேஸ்திரிக்கும் பூசாரிக்கும் பதில் சொல்வது சுலபம். நம் தோழர்களுக்குத்தான் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டியிருக்கிறது.

ஆஸ்திரியாவில், வியன்னா நகருக்குப் பக்கத்தில் மரியன்டால் என்று ஓர் ஊர். ஊர் முழுவதும் ஒரு பஞ்சாலையை நம்பிப் பிழைத்தது. 1929-30இல் ஆலையை மூடிவிட்டார்கள். மாரி யஹோடா என்ற பெண்மணியும், லாசர்ஸ்ஃபெல்ட், ஸைசல் என்ற இருவரும் ஒரு குழுவோடு அங்கே போய் ஆராய்ந்து 1933இல் புத்தகம் வெளியிட்டார்கள். மூவரும் சோஷலிஸ்டுகள். வேலை இழந்த தொழிலாளி கொதித்து எழுந்திருப்பான் என்றுதானே நாம் நினைப்போம்? அவர்கள் கண்டது அதுவல்ல. ஆண்களின் நடையே தளர்ந்துவிட்டது. தெருவில் கடிகாரம் வைத்து அளந்து பார்த்தார்கள். நேரம் ஏராளமாக இருந்தும், சந்தாவை ரத்து செய்த பிறகும், நூல் நிலையத்தில் புத்தகம் எடுப்பது ஏறக்குறையப் பாதியாகக் குறைந்தது. கட்சிப் பத்திரிகை வாங்குவோர் தொகையும் விழுந்தது. கூட்டத்துக்கு வந்தவர்கள் வராமல் போனார்கள். பட்டினி அவர்களைப் போராளியாக்கவில்லை. மூலையில் உட்கார வைத்தது.

கோவைப் பக்கத்துத் தேசிய பஞ்சாலைக் கழக ஆலைகள் 2020 மார்ச் ஊரடங்கோடு நின்று, வருஷக் கணக்கில் திறக்காமல் கிடந்ததை நாம் அறிவோம். அந்த வீடுகளில் என்ன நடந்திருக்கும் என்பதற்கு மரியன்டால் போய்ப் பார்க்க வேண்டாம். ஆகவே, கூலி உயர்வு அவசியம், வேலை அவசியம். ஆனால் அதைக் கேட்டு வாங்கும் மனிதனுக்கு எழுந்து நிற்கத் தெம்பு வேண்டாமா?

சரி, மனநோய்க்குப் பேச்சால் வைத்தியம் என்கிறார்களே, அது என்ன?

முதலில் ஒன்று சொல்லிவிட வேண்டும். காதில் குரல் கேட்பது, ஊரே தன்னைக் கொல்லச் சதி செய்கிறது என்று நம்புவது போன்ற கடும் நோய்களுக்கு மாத்திரை கட்டாயம். வெறும் பேச்சு போதாது. துக்கம், பயம், நெஞ்சுப் படபடப்பு, வாழ்வில் பிடிப்பற்றுப் போவது ஆகியவற்றில்தான் பேச்சு வைத்தியத்துக்கு முக்கிய வேலை.

இதைத் தொடங்கி வைத்தவர் வியன்னா டாக்டர் ஃபிராய்டு. மனத்தின் அடியில் அமுக்கப்பட்ட ஆசைகளும் காயங்களும் நோயாக மேலே வருகின்றன. நோயாளி தடையின்றிப் பேசப் பேச அவை வெளிச்சத்துக்கு வரும் என்றார். நம் நாட்டிலும் கல்கத்தாவில் கிரீந்திரசேகர போஸ் 1922இலேயே இதற்கு ஒரு சங்கம் வைத்தார். இந்த முறையில் வாரத்தில் பல நாள், வருஷக் கணக்கில் போய்ப் பேச வேண்டும். தக்காளி பறிக்கப் போகிற பெண்ணுக்கு இது நடக்கிற காரியமா?

இரண்டாவது வழி ருஷ்ய விஞ்ஞானி பாவ்லோவின் நாய்ச் சோதனைகளிலிருந்து கிளைத்தது. பழக்கத்தால் பிடித்த பயத்தைப் பழக்கத்தாலேயே போக்கலாம் என்பது அதன் சாரம். பக்கத்து மிஷினில் தோழியின் கை சிக்கியதைப் பார்த்த பெண்ணுக்கு, அதன் பிறகு அந்த ஓசையைக் கேட்டாலே உடம்பு நடுங்குகிறது என்று வையுங்கள். மூச்சை நிதானப்படுத்தக் கற்றுக்கொடுத்து, முதலில் தூரத்திலிருந்து, பிறகு வாசலிலிருந்து, பிறகு பக்கத்தில் என்று படிப்படியாகப் பழக்குவார்கள். தென்னாப்பிரிக்க டாக்டர் வோல்பே 1958இல் இதை முறைப்படுத்தி எழுதினார். (மிஷினுக்குக் காப்புத் தகடு போடச் சொல்வது சங்கத்தின் வேலை, அதை எந்த வைத்தியமும் செய்யாது.)

மூன்றாவது, அமெரிக்க டாக்டர் ஆரன் பெக் 1960களில் வகுத்தது. மனச்சோர்வில் விழுந்தவன் தன்னைப் பற்றியும், உலகைப் பற்றியும், நாளையைப் பற்றியும் கோணலாக எண்ணுகிறான், அந்த எண்ணங்களை ஒவ்வொன்றாக எடுத்து, "இதற்கு ஆதாரம் என்ன?" என்று அவனோடு சேர்ந்தே விசாரிக்க வேண்டும் என்றார். இங்கேதான் நாம் ஜாக்கிரதையாக இருக்க வேண்டும். வட்டிக்கடைக்காரன் வாசலில் நிற்பது எண்ணத்தின் கோணல் அல்ல. அவன் நிஜமாகவே நிற்கிறான். "உன் பார்வையை மாற்றிக்கொள், கஷ்டம் தெரியாது" என்று கடனாளியிடம் சொல்வது வைத்தியம் ஆகாது, மோசடி. ஆனால் "கடன் பட்டுவிட்டேன், ஆகவே நான் மனிதனே அல்ல, என் பிள்ளைகளுக்கு நான் இல்லாமல் இருப்பதே நல்லது" என்று அவன் நினைக்கிறானே, அது பச்சைப் பொய். அந்தப் பொய் எத்தனை விவசாயக் குடும்பங்களை அனாதையாக்கியிருக்கிறது! கடனை வைத்தியத்தால் தீர்க்க முடியாது. பொய்யைத் தீர்க்க முடியும். கடனை எதிர்த்து நிற்க ஆள் உயிரோடு இருக்க வேண்டுமே!

நான்காவது, கார்ல் ரோஜர்ஸ் 1951இல் எழுதிய முறை. புத்தி சொல்லாதே, குற்றம் சாட்டாதே, முழு மனதோடு கேள், அவன் இடத்தில் நின்று பார், அவனே வழி காண்பான் என்பது. இதை நம் சங்க ஊழியர்கள் எல்லோரும் படிக்க வேண்டும் என்பேன். ஒருவன் தன் துயரத்தைச் சொல்ல வாயெடுத்ததும், உலக நிலைமையில் ஆரம்பித்து ஒரு மணி நேரம் பிரசங்கம் செய்கிற தோழர்கள் எந்த ஊரில் இல்லை?

இந்த வைத்தியம் ஏழைக்கும் உரியது என்று முதலில் சொன்னவர்களில் ஃபிராய்டும் ஒருவர். 1918இல் புடாபெஸ்ட் மாநாட்டில், அறுவை சிகிச்சைக்கு ஏழைக்கு உள்ள உரிமை மன வைத்தியத்துக்கும் உண்டு. காசநோயைப் போலவே இதையும் பொதுச் சுகாதாரப் பிரச்னையாகக் கருத வேண்டும் என்று பேசினார். அதைத் தொடர்ந்து 1920இல் பெர்லினிலும் 1922இல் வியன்னாவிலும் இலவச மருத்துவமனைகள் திறந்தார்கள். பின்னால் நாஜிகள் வந்தார்கள். ஃபிராய்டின் புத்தகங்களைத் தெருவில் கொளுத்தினார்கள்.

நமக்கு இன்னும் நெருக்கமான உதாரணம் ஆப்பிரிக்காவில் உள்ள ஜிம்பாப்வே. டாக்டர் டிக்ஸன் சிபாண்டா 2006இல் ஹராரே நகரின் ஏழைப் பகுதியான ம்பாரேயில் 14 பாட்டிமார்களுக்குப் பயிற்சி கொடுத்தார். ஆஸ்பத்திரிக்கு வெளியே ஒரு மரப் பெஞ்சு. அதில் பாட்டியோடு உட்கார்ந்து பேச வேண்டியது. பாட்டி கேட்பாள், பல கஷ்டங்களில் முதலில் தீர்க்கக்கூடிய ஒன்றைப் பிரித்தெடுத்து, அதற்கு வழி யோசிக்க வைப்பாள். அங்கே மனநோய்க்கு ஜனங்கள் வைத்திருக்கும் பெயரே "அதிகமாக யோசிப்பது" என்பதுதான். நம் பெண்கள் "யோசனை பிடித்துக்கொண்டது" என்கிறார்களே, அதேதான். 573 பேரை வைத்து நடத்திய பரிசோதனையின் முடிவு 2016இல் வந்தது. பெஞ்சில் பேசியவர்களுக்கு, வழக்கமான சிகிச்சை பெற்றவர்களைவிட நோய்க்குறிகள் நன்றாகக் குறைந்திருந்தன. நம் கோவாவிலும் சங்கத் என்ற அமைப்பு, டாக்டர் அல்லாத சாதாரண ஆட்களைப் பழக்கி, ஆறு முதல் எட்டுச் சந்திப்புகளில் மனச்சோர்வைக் குறைக்க முடியும் என்று 2017இல் நிரூபித்தது.

நம் ராஜ்யத்தின் நிலை என்ன? 2001 ஆகஸ்ட் 6ஆம் தேதி ராமநாதபுரம் ஜில்லா ஏர்வாடியில் ஒரு தனியார் காப்பகத்தில் தீப்பிடித்தது. நோயாளிகளைச் சங்கிலியால் கட்டிப் போட்டிருந்தார்கள். ஓட முடியாமல் 28 பேர் மாண்டார்கள். அவர்களைக் கொண்டுவந்து விட்ட குடும்பங்கள் கல்நெஞ்சக்காரர்கள் அல்ல. பக்கத்தில் வைத்தியம் கிடையாது, தர்கா ஒன்றே கதி என்று வந்தவர்கள். 2017இல் மத்திய சர்க்கார் போட்ட மனநலச் சட்டம், 2018 மே மாதம் அமலுக்கு வந்தது. சங்கிலியால் கட்டுவதை அது தடை செய்கிறது. சர்க்கார் செலவில் மனநல வைத்தியம் பெறுவது ஒவ்வொருவரின் உரிமை என்கிறது. சட்டம் நல்ல சட்டந்தான். ஆனால் 2015-16இல் பெங்களூர் நிம்ஹான்ஸ் நடத்திய தேசியக் கணக்கெடுப்பு, பெரியவர்களில் நூற்றுக்குப் பத்துப் பேருக்கு மேல் மனநோய் இருப்பதாகவும், நோய்க்குத் தக்கபடி நூற்றுக்கு 70 முதல் 92 பேர் வரை வைத்தியமே பெறவில்லை என்றும் கூறியது. ஓசூர் ரோட்டில் கட்டட வேலைக்குப் போகும் நம் ஜில்லா ஜனங்கள் அந்த நிம்ஹான்ஸ் வாசலைத் தாண்டித்தான் போகிறார்கள்; உள்ளே நுழைந்தவர் எத்தனை பேர்?

தருமபுரி அரசு மருத்துவக் கல்லூரி ஆஸ்பத்திரிக்குப் பாலக்கோட்டிலிருந்து போய் வந்தால் ஒரு நாள் கூலி போச்சு. பேச்சு வைத்தியமோ ஒரு நாளில் முடிவதில்லை. நூற்பாலை விடுதிகளில் அடைபட்டுக் கிடக்கும் நம் பெண்களுக்கு அதுவும் இல்லை. சில இடங்களில் நிர்வாகமே "ஆலோசகர்" வைக்கிறது என்கிறார்கள். நிர்வாகத்திடம் சம்பளம் வாங்குகிறவரிடம் சூப்பர்வைசரின் தொல்லையை எந்தப் பெண் வாய் திறந்து சொல்வாள்? சொன்னதை வெளியே விடமாட்டார் என்ற நம்பிக்கை இல்லாத இடத்தில் இந்த வைத்தியமே இல்லை.

ஆகவே சங்கங்கள் கேட்க வேண்டியது இதுதான். ஒவ்வொரு தாலுகா ஆஸ்பத்திரியிலும் தமிழில் பேசிக் கேட்கப் பயிற்சி பெற்ற ஆலோசகர், முடிந்தால் பெண் ஆலோசகர், நிரந்தர வேலையில் வேண்டும். சந்தை நாளில் அவர் இருந்தால் கூலி இழக்காமல் ஜனங்கள் வருவார்கள். ஆலை விடுதிகளுக்கு நிர்வாகத்துக்குக் கட்டுப்படாத சர்க்கார் ஆலோசகர் போக வேண்டும். ஊரில் நாலு பேர் நம்பிப் பேசுகிற மூத்த பெண்களுக்கு, ஜிம்பாப்வேயில் செய்தது போல, பயிற்சியும் சம்பளமும் கொடுக்க வேண்டும்; "சேவை" என்ற பெயரில் இனாமாக வேலை வாங்கக் கூடாது.

அதுவரை, 14416 என்ற டெலிபோன் எண் இருக்கிறது. 2022 அக்டோபரில் மத்திய சர்க்கார் தொடங்கியது. இரவு பகல் எந்நேரமும், தமிழிலும் பேசலாம், காசு கிடையாது. சங்க ஆபீசு வாசலிலும், டீக்கடையிலும், பெண்கள் வேலைக்குப் போகும் வேன் நிற்கும் இடத்திலும் பெரிய எழுத்தில் எழுதி ஒட்டுங்கள்.