கற்புக் காவலரும் காமப் படங்களும்

கள்ளக்குறிச்சிக் கடைத்தெருவில் இருப்பவரானாலும் சரி, கல்வராயன் மலைமேல் வெள்ளிமலையில் இருப்பவரானாலும் சரி, கையில் ஒரு கைபேசியும் அதற்குச் சிக்னலும் இருந்தால், கொட்டகைகளைவிட்டு எப்போதோ மறைந்துபோன, காமமும் கொலையும் கலந்த சினிமாப் படங்களைத் தேடி எடுத்துப் பார்த்துவிடலாம். எடுத்தவர்களே மறந்துவிட்ட படங்களுக்கும் இன்று புதிய ரசிகர்கள் முளைத்திருக்கிறார்கள். உடனே நமது ஒழுக்கக் காவலர்கள், கலி முற்றிவிட்டதென்றும் கைபேசியால் தேசம் கெட்டதென்றும் ஒப்பாரி வைக்கக் கிளம்பிவிடுகிறார்கள்.

நாம் கேட்கிறோம்: ஆசையைக் கைபேசியா உண்டாக்கிற்று? பசியையும் தூக்கத்தையும் போல இயற்கையாயுள்ள ஓர் உணர்ச்சியைப் பேசவொட்டாமல் பூட்டி வைத்தது யார்? 2007-ல் பள்ளிகளில் வளரிளம் பருவக் கல்வி கொடுக்க ஏற்பாடானபோது, கலாச்சாரம் போய்விடுமென்று குஜராத், மகாராஷ்டிரம், கர்நாடகம் முதலிய மாநிலங்கள் அதைத் தடுத்தன. பாடத்தைத் தடுத்தால் பிள்ளை படத்தினிடம் போகிறான். இதில் அதிசயம் என்ன?

நிற்க, அப்படங்கள் போதிப்பதுதான் என்ன? பேர்பெற்ற இரண்டை மாத்திரம் மாதிரிக்கு எடுத்துக்கொள்வோம். 1978-ல் வந்த ‘சிகப்பு ரோஜாக்கள்’ கதாநாயகன், பெண் ஜாதியையே வெறுக்கக் கற்று, ஆசைகாட்டி அழைத்து வந்து கொல்லுகிறான். 1987-ல் வந்த ‘ஃபேட்டல் அட்ராக்ஷன்’ என்னும் அமெரிக்கப் படத்தில், மனைவியுள்ள ஒருவன் இன்னொருத்தியோடு கூடிவிட்டுக் கைவிடுகிறான். முதலில் எடுத்த முடிவில் அவள் தற்கொலை செய்துகொண்டாள். வெள்ளோட்டம் பார்த்த ஜனங்களுக்கு அது போதவில்லை. ஆகவே, மனைவி கையாலேயே அவளைச் சுட்டுக் கொல்லும்படி முடிவை மாற்றினார்கள். துரோகம் செய்த புருஷன் சுகமாய்க் குடும்பத்தோடு சேர்ந்தான். அகலிகை கல்லாய்க் கிடக்க, இந்திரன் தேவராஜனாகவே இருந்த புராணத்திற்கும் இதற்கும் என்ன வித்தியாசம்?

ஆணின் கண்ணுக்கு விருந்தும் வேண்டும். விருந்து வைத்தவளுக்குத் தண்டனையும் வேண்டும். தான் மாத்திரம் யோக்கியனாகவும் இருக்கவேண்டும். இம்மூன்றும் ஒரே டிக்கெட்டில் கிடைப்பதே இப்படங்களின் நீங்காத வசியமாகும்.

இது திரையோடு நிற்கவுமில்லை. 1980-ல் ‘வண்டிச்சக்கரம்’ படத்தால் பேர்பெற்ற சில்க் ஸ்மிதா, 1996-ல் 35 வயதில் மாண்டுபோனார். 1989-ல் அவர் நடித்த ‘லயனம்’ என்னும் மலையாளப் படம் இந்தியிலும் மாற்றப்பட்டு நன்றாய் ஓடிற்று. பணம் பண்ணினவர்கள் பெரிய மனிதர்கள், பார்த்தவர்கள் குடும்பஸ்தர்கள், நடித்தவள் மாத்திரம் கெட்டவள்! இது எந்த ஊர் நியாயம்?

ஆகையால், தடை போடுங்கள் என்று நாம் சொல்லவரவில்லை. தடை போடப்போட மோகம்தான் ஏறும். மலையிலும் சமவெளியிலும் ஆண் பெண் இருபாலருக்கும் உடலறிவைப் பள்ளியில் கூச்சமின்றிச் சொல்லிக்கொடுங்கள். யாரோடு வாழ்வதென்பதைப் பெண்ணே தீர்மானிக்கட்டும். கற்பு வேண்டுமானால் இருவருக்கும் ஒன்றாய் வையுங்கள்; இல்லையேல் இருவருக்கும் எடுத்துவிடுங்கள். அன்றைக்கு, ஆசைப்பட்ட பெண்ணைக் கொன்று முடிக்கும் கதையில் யாருக்கும் ருசி இராது. அதுவரையில் கைபேசியைத் திட்டுவது, கண்ணாடியில் தெரியும் அழுக்கிற்காகக் கண்ணாடியை உடைப்பதேயாகும்.