"வெறும் பியர் தானே" என்ற பொய்



போன கிழமை உயர்தர மாணவன் ஒருத்தன் போனில் ஒரு வீடியோ காட்டினான். டெக்கீலா, பியர், தேசிப்புளி கலந்து, கிளாஸ் விளிம்பில் உப்புத் தடவி, வீட்டிலேயே 'மாகரிட்டா'. "சேர், டெக்கீலா போடாட்டி வெறும் பியர் தானே?" என்று கேட்டான்.

கணக்குப் பார்ப்போம். 40 வீத டெக்கீலா 45 மில்லிலீற்றரில் மதுசாரம் 18 மில்லிலீற்றர். 8.8 வீத ஸ்ட்ரோங் பியர் 625 மில்லிலீற்றர் போத்தலில் 55. அதாவது மூன்று டெக்கீலா! இதுவா வெறும் பியர்? கூடக் குடித்தால் போதை தருவது கொஞ்சமும் ஹராம் என்பது நாமெல்லாம் சின்ன வயதில் ஓதிப் படித்தது.

2006 ஆம் ஆண்டின் 27 ஆம் இலக்கச் சட்டப்படி 21 வயதுக்குக் குறைந்தவருக்கு மது விற்க ஏலாது. மதுவுக்கு விளம்பரமும் செய்ய ஏலாது. ஆனால் போனுக்குள் வரும் வீடியோவுக்குக் காவல் யார்? நாங்கள்தான்.

அக்குறணையோ மடவளையோ கட்டுகஸ்தோட்டையோ, கசிப்புக் காய்ச்சுறவனைத் திட்ட முன்னுக்கு நிற்கிறோம். சொந்தப் பிள்ளையிடம் இதைப் பேச மட்டும் வெட்கம். கேள்வி கேட்ட பிள்ளைக்கு ஏசாதீங்க. கேட்காமல் இருக்கிற பிள்ளையை நினைத்துத்தான் பயப்படணும்.

இன்றைக்கு மஃரிபுக்குப் பிறகு தேசிக்காய், சீனி, உப்பு, ஐஸ் போட்டு ஒரு ஜக் கரைங்க. பிள்ளையோட உட்கார்ந்து குடிச்சிக்கிட்டே கதையுங்க.