5 பேருக்கு ஒரு கார் செய்யும் நாடு... ஆனா சாவி யார் கையில்? ஸ்லோவாக்கியாவின் கதை

போர்ஷே கயென் ஜெர்மனி கார்தான். லேண்ட் ரோவர் டிஃபெண்டர் பிரிட்டிஷ் கார்தான். ஆனால் இந்த இரண்டும் உருவாவது ஜெர்மனியிலும் இல்லை, பிரிட்டனிலும் இல்லை. ஸ்லோவாக்கியாவில்!

ஐரோப்பாவின் நடுவில், கடலே இல்லாத சின்ன நாடு அது. மக்கள்தொகை சுமார் 54 லட்சம். வருஷத்துக்கு அங்கே தயாராகும் கார்கள் ஏறக்குறைய 10 லட்சம். அதாவது 5 பேருக்கு ஒரு கார். மக்கள்தொகை விகிதத்தில் பார்த்தால் உலகிலேயே நம்பர் ஒன். இத்தனைக்கும் 'இது எங்க ஊர் கம்பெனி' என்று சொல்லிக்கொள்ள அவர்களிடம் பெரிய கார் பிராண்டு ஒன்றுகூட இல்லை.

பிராட்டிஸ்லாவாவில் ஃபோக்ஸ்வாகன், டிர்னாவாவில் ஸ்டெல்லான்டிஸ், ஜிலினாவில் கியா, நிட்ராவில் ஜாகுவார் லேண்ட் ரோவர் (ஜே.எல்.ஆர்). கடைசியாகச் சொன்னதன் முதலாளி நம்ம டாடா குழுமம். ஐந்தாவதாக, கிழக்கே கோஷித்சே நகரத்துக்குப் பக்கத்தில் வோல்வோ தொழிற்சாலை வருகிறது. வோல்வோ பெயருக்குத்தான் ஸ்வீடன், உரிமையாளர் சீனாவின் ஜீலி.

டேங்க் போய் கார் வந்தது

கம்யூனிச காலத்தில் இந்தப் பகுதி ராணுவ டேங்குகளுக்குப் பேர்போனது. 1989-ல் ஆட்சி மாறியதும் ஆர்டர்கள் நின்றுபோயின. 1991-ல் பிராட்டிஸ்லாவாவில் இருந்த பழைய கார் ஆலைக்குள் ஃபோக்ஸ்வாகன் நுழைந்தது. 1993-ல் செக்கோஸ்லோவாக்கியா இரண்டாகப் பிரிந்தபோது, நூறாண்டு பாரம்பரியம் உள்ள ஸ்கோடா செக் பக்கம் போனது. ஸ்லோவாக்கியாவுக்கு அப்படி எதுவும் மிஞ்சவில்லை. 2000-களின் தொடக்கத்தில் வேலையின்மை 18 சதவீதத்தைத் தாண்டியது.

அப்போதைய அரசு ஒரு துணிச்சலான வேலை செய்தது. 2004-ல் வருமான வரி, நிறுவன வரி, விற்பனை மீதான வரி எல்லாவற்றுக்கும் ஒரே விகிதம்: 19 சதவீதம். அதே வருஷம் ஐரோப்பிய ஒன்றியத்திலும் சேர்ந்தது. சம்பளம் குறைவு, தொழிலாளர்கள் திறமைசாலிகள், ஜெர்மனி பக்கத்திலேயே. கம்பெனிகளுக்கு வேறென்ன வேண்டும்? 2006-ல் டிர்னாவா, ஜிலினா ஆலைகளில் கார்கள் வர ஆரம்பித்தன.

இன்று நாட்டின் தொழில் உற்பத்தியில் ஏறக்குறைய பாதி கார் துறையைச் சார்ந்தது. 'ஒரே துறையை நம்பி இருக்கிறார்களே' என்று வழக்கமாகச் சொல்லப்படும் குறை பாதிதான் சரி. கார் இல்லாவிட்டால் அந்த நாடு என்ன ஆகியிருக்கும் என்பதையும் யோசிக்க வேண்டும். நிஜமான சிக்கல் வேறு இடத்தில் இருக்கிறது. எந்த மாடலை எங்கே செய்வது, எந்த லைனை மூடுவது என்ற முடிவுகள் ஒன்றுகூட ஸ்லோவாக்கியாவில் எடுக்கப்படுவதில்லை.

2025-ல் நடந்ததைப் பாருங்கள். வெளிநாட்டு கார்களுக்கு அமெரிக்கா கூடுதல் வரி போட்டது. பிரிட்டன் பேசி, வருஷத்துக்கு 1 லட்சம் கார்கள் வரை 10 சதவீதம் என்று குறைத்துக்கொண்டது. ஐரோப்பிய ஒன்றியத்துக்குக் கிடைத்தது 15 சதவீதம். விளைவு? ஒரே கம்பெனி, ஒரே ஷோரூம். பிரிட்டனில் செய்த ரேஞ்ச் ரோவருக்கு ஒரு வரி, நிட்ராவில் செய்த டிஃபெண்டருக்கு அதைவிட அதிக வரி. கார் செய்த தொழிலாளி இதற்கு என்ன பண்ண முடியும்?

அதே வருஷம் செப்டம்பரில் ஜே.எல்.ஆர் மீது சைபர் தாக்குதல் நடந்தது. கம்பெனியின் கணினிகள் முடங்கின. பிரிட்டன் ஆலைகளோடு நிட்ராவிலும் உற்பத்தி நின்றது.

சீன எலெக்ட்ரிக் கார்கள் விஷயத்திலும் இதே நிலைதான். 2024 அக்டோபரில் அவற்றுக்குக் கூடுதல் வரி போட ஐரோப்பிய ஒன்றியம் ஓட்டெடுப்பு நடத்தியது. எதிர்த்து ஓட்டுப் போட்டவை 5 நாடுகள் மட்டுமே. அதில் ஸ்லோவாக்கியாவும் ஒன்று. ஃபோக்ஸ்வாகனின் பெரிய சந்தை சீனா, வோல்வோவின் முதலாளி சீனா. இந்த நிலையில் பெய்ஜிங்கைக் கோபப்படுத்த எந்த அரசுக்குத்தான் தைரியம் வரும்?

சலுகை மேல் சலுகை

வோல்வோ ஆலைக்கு அரசு தரும் உதவி சுமார் 26.7 கோடி யூரோ. எதிர்பார்க்கப்படும் வேலைகள் சுமார் 3,300. கணக்குப் போட்டால் ஒரு வேலைக்கு ஏறக்குறைய 80,000 யூரோ. பின்தங்கிய கிழக்குப் பகுதிக்கு வேலை வருவது நல்லதுதான், மறுப்பில்லை. ஆனால் தலைநகரையும் கோஷித்சேவையும் இணைக்கும் டி1 நெடுஞ்சாலை இன்னும் முழுசா முடியவில்லை. ஆராய்ச்சிக்கு நாடு செலவழிப்பது ஜி.டி.பி-யில் 1 சதவீதத்தை ஒட்டித்தான். ஐரோப்பிய ஒன்றியத்தின் சராசரி 2 சதவீதத்துக்கு மேல். கல்லூரிப் படிப்புக்கே ஏறக்குறைய ஐந்தில் ஒரு மாணவர் வெளிநாடு போகிறார், பெரும்பாலும் பக்கத்து செக் குடியரசுக்கு. காரை டிசைன் செய்ய வேண்டிய தலைமுறை கிளம்பிப் போக, காரைப் பொருத்துவதற்கு சலுகை கொட்டிக் கொடுப்பது என்ன கணக்கு?

எலெக்ட்ரிக் கார் வந்ததும் இது இன்னும் அவசரமாகிவிட்டது. இன்ஜின் காரைவிட அதில் பாகங்கள் குறைவு. மதிப்பு இருப்பது பேட்டரியிலும் சாஃப்ட்வேரிலும். ஜிலினாவில் கியா இப்போது இவி4 எலெக்ட்ரிக் காரைச் செய்கிறது, நாட்டில் பேட்டரி ஆலை ஒன்றும் வருகிறது. நல்ல தொடக்கம். ஆனால் சாஃப்ட்வேர் எழுதும் வேலை பெரும்பாலும் கம்பெனிகளின் தாய்நாட்டில்தான் நடக்கிறது.

ஸ்லோவாக்கியர்கள் வெறுமனே கைகட்டி நிற்கவும் இல்லை. 2017 ஜூனில் பிராட்டிஸ்லாவா ஃபோக்ஸ்வாகன் ஊழியர்கள் ஆயிரக்கணக்கில் வேலைநிறுத்தம் செய்தார்கள். அந்த ஆலையின் வரலாற்றில் அதுதான் முதல் முறை. ஜெர்மனியில் இதே வேலைக்கு எவ்வளவு சம்பளம் என்பதுதான் அவர்கள் கேட்ட கேள்வி. அன்றைய பிரதமர் ராபர்ட் ஃபிட்சோவே அவர்கள் பக்கம் பேசினார். ஆறே நாளில் நிர்வாகம் இறங்கி வந்தது. கிடைத்தது 14 சதவீதச் சம்பள உயர்வு.