கிலோக் கல் வந்த கதையும் நம் நெல் மூட்டையும்



கிலோ, லிட்டர், மீட்டர் எல்லாம் படித்த துரைமார்கள் ஆபீசில் உட்கார்ந்து யோசித்து நம் தலையில் கட்டியது என்று நம்மில் பலர் நினைக்கிறோம். "அந்தக் காலத்து மரக்கால், படிதான் நல்லாயிருந்துச்சு" என்று சொல்லும் பெரியவர்களும் உண்டு. இரண்டும் சரியல்ல. கிலோ பிறந்ததற்கு ஒரு முக்கியக் காரணம் விவசாயி போட்ட கூச்சல்!

பிரான்ஸ் நாட்டில் 1789க்கு முன்னால் ஊருக்கு ஒரு அளவு. சுமார் 800 பெயர்களில் இரண்டரை லட்சம் விதமான அளவுகள் இருந்தன என்று வரலாற்றாசிரியர்கள் மதிப்பிடுகிறார்கள். நிலப்பிரபுவுக்குக் குத்தகையும் வரியும் தானியமாக அளக்க வேண்டும். அளக்கும் மரக்கால் யாருடையது? பிரபுவுடையது! இத்தனை மரக்கால் என்று பத்திரத்தில் எழுதியிருப்பதை அவரால் மாற்ற முடியாது. ஆனால் மரக்காலை மாற்றலாமே! எட்டு எட்டாகவே இருக்கும், மரக்கால் மட்டும் நாளாவட்டத்தில் வீங்கும். வாங்கும்போது கோபுரமாகக் குவித்து அளப்பது, கொடுக்கும்போது தலைதட்டி அளப்பது. நமக்குத் தெரியாத வித்தையா இது?

1789ல் மன்னர் பதினாறாம் லூயி, ஊர் ஊராகக் குறைகளை எழுதி அனுப்பச் சொன்னார். வந்த மனுக்களில் திரும்பத் திரும்ப இருந்த கோரிக்கைகளில் ஒன்று, அளவு எல்லாருக்கும் ஒன்றாக இருக்க வேண்டும் என்பது. அதே வருசம் புரட்சி வெடித்தது.

புதிய அளவு எந்த ராஜாவின் கையையும் காலையும் வைத்து இருக்கக் கூடாது, எல்லாருக்கும் பொதுவான பூமியை வைத்தே இருக்க வேண்டும் என்று 1791ல் முடிவானது. வடதுருவத்திலிருந்து பூமத்திய ரேகை வரை உள்ள தூரத்தில் ஒரு கோடியில் ஒரு பங்கு ஒரு மீட்டர். இதற்காக தெலாம்பர், மெஷேன் என்ற இரண்டு விஞ்ஞானிகள் 1792ல் கிளம்பி, டன்கிர்க் முதல் பார்சிலோனா வரை அளந்து முடிக்க ஆறேழு வருசம் ஆனது. வழியில் உளவாளி என்று சந்தேகப்பட்டு தெலாம்பரைப் பிடித்து வைத்த ஊர்களும் உண்டு! 1795 ஏப்ரல் 7ல் சட்டம் வந்தது. பத்து பத்தாகப் பெருகும் கணக்கு. ஒரு லிட்டர் தண்ணீரின் எடை ஒரு கிலோ. நூறு மீட்டருக்கு நூறு மீட்டர் நிலம் ஒரு ஹெக்டேர்.

சட்டம் வந்தவுடன் எல்லாம் சரியாகிவிட்டதா? இல்லை. பழசும் புதுசும் கலந்து குழப்பமானது. 1812ல் நெப்போலியனே பழைய அளவுப் பெயர்களைத் திரும்ப அனுமதித்தார். 1840ல்தான் புதிய அளவு கட்டாயமானது.

நம் ஊர்க் கதையும் இதேதான். கீழத்தஞ்சையில் 1940களில் பண்ணையாட்கள் போராடியபோது, முத்திரை மரக்காலில் கூலி அள என்று கேட்டார்கள். பண்ணையில் நெல் வாங்க ஒரு மரக்கால், கூலி அளக்க ஒரு சின்ன மரக்கால்! பழைய மரக்காலைப் புகழும் பெரியவர்கள் இதையும் நினைத்துப் பார்க்க வேண்டும். பிறகு 1956ல் சட்டம் போட்டு, 1958 அக்டோபர் முதல் படிப்படியாக நாடு முழுவதும் மெட்ரிக் அளவு வந்தது.

இன்று கிலோவுக்கு இருக்கும் மரியாதையைப் பாருங்கள். பாரிஸ் பக்கத்தில் பூட்டி வைத்திருந்த உலோகக் கட்டிதான் 1889 முதல் உலகத்துக்கே கிலோ. அதுகூடத் துளி மாறிவிடலாம் என்று, 2019ல் மாறாத இயற்கைக் கணக்கை வைத்துக் கிலோவுக்கு விளக்கம் எழுதிவிட்டார்கள். ஒரு தூசி அளவு வித்தியாசத்துக்கு விஞ்ஞானிகள் இவ்வளவு கவலைப்பட்டார்கள். நம்ம மூட்டையில் ஒரு கிலோ, இரண்டு கிலோ கூடப் போனால் மட்டும் யாருக்கும் கவலையில்லையா? 40 கிலோ மூட்டைக்கு ஒரு கிலோ கூட வைத்தால் நூறு மூட்டைக்கு நூறு கிலோ. இரண்டரை மூட்டை நெல் சும்மா போகிறது! உழுதவன் யார், தின்பவன் யார்?

மரக்கால் போய் மின்னணுத் தராசு வந்துவிட்டது. ஆனால் அளப்பவன் ஒருவன், பார்க்காமல் நிற்பவன் ஒருவன் என்ற நிலை மாறவில்லை. 2009ம் வருச எடையளவுச் சட்டம் நம் பக்கம் இருக்கிறது. வியாபாரத் தராசுக்கு அரசு முத்திரை கட்டாயம். மின்னணுத் தராசை வருசத்துக்கு ஒருமுறை சோதித்து மறுமுத்திரை வைக்க வேண்டும். முத்திரை எங்கே என்று கேட்பது அதிகப்பிரசங்கித்தனம் அல்ல, உரிமை!

ஆகவே நாம் கேட்பது:

• கொள்முதல் நிலையமோ, வியாபாரியின் களமோ, முத்திரைச் சான்றிதழை எல்லாரும் பார்க்கும்படி மாட்டு!
• விவசாயி கண்முன் எடை போடு! சாக்கு எடையைத் தனியாகக் காட்டி ரசீது கொடு!
• தராசுப் பக்கத்தில் முத்திரையிட்ட சோதனைக் கல் வை! தினமும் காலையில் ஏற்றிக் காட்டு!
• அறுவடைக் காலத்தில் முத்திரை ஆய்வாளர்கள் திடீர்ச் சோதனை நடத்த வேண்டும்!

தனியாளாகக் கேட்டால் "உன் நெல்லு ஈரம், எடுத்துட்டுப் போ" என்பான். பத்துப் பேராய்ப் போய் நின்று கேட்போம். பிரான்ஸ் விவசாயி மனு எழுதித்தான் ஆரம்பித்தான். நாமும் ஆரம்பிப்போம், வாருங்கள்!

அளவு எல்லாருக்கும் ஒன்று! தராசு விவசாயி கண்முன் நின்று!

இப்படிக்கு,
செயலாளர், விவசாயிகள் சங்கம்