கூழாங்கல் சுவைத்து நடந்த சிறுவன்



ஒரகடத்து ஆலைகளில் இரவு ஷிப்டு முடித்த இளைஞர்களைக் கம்பெனி பஸ்கள் விடியற்காலையில் நம் வாலாஜாபாத்தில் இறக்கிவிட்டுச் செல்கின்றன. அவர்களுள் தென்மாவட்டத்தார் சிலர் தங்கியிருக்கும் அறையில், ஒரு ஞாயிறு மாலை, எழுபத்தைந்து நிமிடப் படமொன்றை அவர்களோடு அமர்ந்து பார்த்தோம். பாட்டில்லை, சண்டையில்லை. பாதியில் உறங்கிவிடுவார்கள் என்றே எண்ணினோம். ஒருவரும் உறங்கவில்லை.

படம் ‘கூழாங்கல்’; இயக்கியவர் மேலூர்ப் பகுதியைச் சேர்ந்த பி. எஸ். வினோத்ராஜ். சிறுவயதிலேயே தந்தையை இழந்து, பள்ளியை விட்டு, மதுரைப் பூச்சந்தையிலும் திருப்பூர் ஆலைகளிலும் உழைத்தவர். சென்னையில் டி.வி.டி. கடையொன்றில் வேலை பார்த்தபோதுதான் உலகப் படங்கள் அவர் கைக்கு எட்டின. திரைப்படக் கல்லூரி வாசலை மிதியாதவருக்கு அக்கடையே கல்லூரியாயிற்று. பின்னர் முருகபூபதியின் ‘மணல் மகுடி’ நாடகக் குழுவிலும் பயின்றார்.

இவருடைய சகோதரி, கணவனால் விரட்டப்பட்டு, கைக்குழந்தையோடு பதின்மூன்று கிலோமீட்டர் நடந்தே தாய்வீடு வந்து சேர்ந்தார். படத்திலோ அந்த நடையைக் கணவன் நடக்கிறான். குடிகாரத் தந்தை, மகனை வகுப்பிலிருந்து இழுத்துக்கொண்டு மனைவியை அழைத்துவரப் போகிறான். சிறுவன் பஸ் காசைக் கிழித்தெறிய, திரும்பும் வழியெல்லாம் கொளுத்தும் வெயிலில் நடை. தாகம் தணியச் சிறுவன் ஒரு கூழாங்கல்லை வாயில் அடக்கிக்கொள்கிறான். வீடு சேர்ந்ததும் அதை ஒரு குவியலில் சேர்க்கிறான். இது முதல் நடையன்று என்பதை அக்குவியல் ஒன்றே உணர்த்திவிடுகிறது.

2021-இல் ராட்டர்டாம் திரைப்பட விழாவில் ‘புலி’ விருது. அவ்வாண்டே ஆஸ்கருக்கு இந்தியாவின் பரிந்துரை. ஆயினும் நம்மவர் கண்ணில் அது பட்டது 2023-இல், இணையவழியேதான். அடுத்த படமான ‘கொட்டுக்காளி’ 2024-இல் பெர்லின் விழா கண்டு, திரையரங்குக்கும் வந்தது. வேறொருவனை விரும்பியதற்காகப் பேய் பிடித்தவளென்று கருதப்பட்டு அழைத்துச் செல்லப்படும் பெண்ணின் கதை. பின்னணி இசையே இல்லாததைக் கண்டு பலர் சலித்துக்கொண்டனர். நமக்கோ அந்த மௌனம் பிடித்திருந்தது.

ஜப்பானிய இயக்குநர் ஹிரோகசு கொரே-எடாவின் வழியும் ஏறத்தாழ இதுவே. 1988-இல் டோக்கியோவில் தாய் கைவிட்டுச் சென்ற குழந்தைகளின் உண்மை நிகழ்ச்சியிலிருந்து, 2004-இல் ‘யாருக்கும் தெரியாது’ என்னும் படத்தை அவர் எடுத்தார். அந்தத் தாயை அவர் குற்றவாளிக் கூண்டில் ஏற்றவில்லை. வினோத்ராஜும் அந்தக் குடிகாரனை அரக்கனாக்கவில்லை. வறண்ட நிலத்தையும் அவன் நிழலையும் காட்டுவதோடு நின்றுவிடுகிறார். அவன் செய்த கொடுமையையும் அவர் மறைக்கவில்லை.

படம் முடிந்ததும் ஓர் இளைஞர் கேட்டார்: “அந்தம்மா திரும்பி வந்துதான் ஆகணுமா சாமி?”

‘பொறுத்துப் போ, அம்மா’ என்று சொல்லி நாம் திருப்பி அனுப்பிய பெண்கள் சிலர் உண்டு. அவர்களுள் ஒருவர் மூன்று முறை வந்தார். நான்காம் முறை வரவில்லை. நாமும் சென்று விசாரிக்கவில்லை. அதை அந்த இளைஞர்களிடம் சொன்னோம். மறுவாரம் அப்பெண்ணின் வீட்டைத் தேடிச் சென்றோம். கதவு பூட்டியிருந்தது. தாயூருக்குப் போய்விட்டதாக அண்டைவீட்டார் கூறினர்.